டுலூத் எல்வினுக்கு ஒரு தந்தி

“எல்வினுக்கு உடனே ஒரு தந்தி அடி, லொரேன்! வெள்ளிக்கிழமை அவன் இங்க இருக்கணும். போக வர ரயில் டிக்கெட் கம்பெனி கொடுக்கும்!”

காமிக்ஸ் பத்திரிகையின் ஆசிரியர் ஹெர்ஷல் வாசலிலிருந்தே கத்திக்கொண்டு வந்தார். உதவி ஆசிரியை லொரேன் காபிக் கோப்பையைக் கீழே வைத்தாள்.

“எந்த எல்வின்?” என்று கேட்டுவைத்தாள்.

“நல்லா கேட்ட போ! நமக்கு எத்தனை எல்வின் இருக்கான்? டுலூத் ஊர்க்காரன், எல்வின் கிராப். பதினொரு வருஷமா மாசம் தவறாம வாசகர் கடிதப் பக்கத்துல நம்மளைக் கிழிக்கிறானே, அந்த மகராசன்தான்!”

ஜன்னலுக்கு வெளியே நியூயார்க் முழுக்கப் பனி இறங்கிக்கொண்டிருந்தது. பதினான்காம் மாடியிலிருந்து பார்த்தால் தெருவையே காணோம், ஒரே வெள்ளை. இப்படிப்பட்ட மதியங்களில் ‘மேக மனிதன்’ நிஜமாகவே ஜன்னலைத் தாண்டி நடந்து போகிறான் என்று லொரேனுக்குத் தோன்றும்.

இரண்டாம் உலக யுத்தத்தின்போது பிறந்த காமிக்ஸ் நாயகன் அவன். எதிரி விமானங்களைப் பிடித்தான். யுத்தம் முடிந்ததும் பாவம், வங்கிக் கொள்ளையர்களைப் பிடித்துக் காலம் தள்ளினான். விற்பனை விழுந்தபோது செவ்வாய் கிரகத்துக்குப் போனான். இரண்டு முறை செத்து, இரண்டு முறையும் அடுத்த மாதமே எழுந்து வந்தான். ஓவியர்கள் நாலு பேர் மாறினார்கள். மேலங்கி நீலத்திலிருந்து சாம்பலாகி, வாசகர்கள் திட்டியதும் மறுபடி நீலமானது. இப்படியே இருபத்தைந்து வருடம் ஓடிவிட்டது. அடுத்து வருவது முந்நூறாவது இதழ்.

“முதலாளி என்ன சொன்னார் தெரியுமா?” ஹெர்ஷல் தொப்பியிலிருந்த பனியைத் தட்டினார். “‘இதையெல்லாம் யாருய்யா படிக்கிறாங்க? பத்து வருஷம் விடாமப் படிச்ச ஒரே ஒரு ஆளை என் கண்ணுல காட்டு. அவன் போட்டோவை அட்டையில போட்டு, புத்தகத்தைத் தொடர்ந்து நடத்தலாம். இல்லைன்னா முந்நூறோட மூடிடு’ன்னுட்டார். நானும் மார் தட்டிட்டு வந்திருக்கேன், எல்வின் இருக்கான்னு.”

லொரேன் அவருக்கு ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டாள்.

“ஹெர்ஷல், கொஞ்சம் உட்காருங்க. எல்வின் வரமாட்டான்.”

“ஏன்? உடம்பு சரியில்லையா?”

“உடம்பே கிடையாது. எல்வின்னு யாரும் இல்ல. நான்தான்.”

ஹெர்ஷல் தானாகவே உட்கார்ந்துவிட்டார்.

“நான் வேலைக்குச் சேர்ந்த புதுசுல ஒரு மாசம் ஒரு கடிதம்கூட வரல. பக்கத்தைக் காலியா விட முடியுமா? படம் இல்லாத எழுத்துப் பக்கம் இல்லைன்னா தபால் ஆபீஸ்ல பத்திரிகைக்கான சலுகைக் கட்டணம் தரமாட்டாங்களே! அவசரத்துக்கு நானே ஒரு ஆளை உண்டாக்கி, ‘மேகத்தில் நடக்கிறவன் பூட்ஸ் ஏன் நனையவில்லை?’ன்னு கேட்டு எழுதினேன். அந்த ஒரு மாசத்தோட நிறுத்திடலாம்னுதான் இருந்தேன்.”

“அப்புறம் ஏன் நிறுத்தல?” ஹெர்ஷலின் குரல் இறங்கியிருந்தது.

“ஹெட்டி வந்துட்டா.”

அந்தப் பெயரைச் சொன்னதுமே லொரேனின் முகம் மலர்ந்தது. ஹெட்டி லார்சன், நெப்ராஸ்கா மாநிலம். ஊதா மையில் உருண்டை உருண்டையான எழுத்து. ‘மிஸ்டர் எல்வினுக்கு பூட்ஸ் பற்றிக் கவலை. எனக்கோ, அந்த மனிதன் எப்போது தூங்குகிறான் என்று கவலை’ என்பது அவளுடைய முதல் கடிதம். அன்றிலிருந்து மாதாமாதம் இருவருக்கும் சண்டைதான். சோள வயல் தாண்டிப் போகும் ரயிலைப் பற்றி எழுதுவாள். மாவு டின்னுக்கு அடியில் இதழை ஒளித்துவைப்பதைப் பற்றி எழுதுவாள். தனிக்கட்டையான லொரேன், அந்தச் சமையலறைக்குக் கனவில் எத்தனையோ முறை போய் வந்திருக்கிறாள். ஒருமுறை மாவு வாசனைகூட வந்தது.

“அவ ஒருத்திக்காகத்தான் எழுதினேன், ஹெர்ஷல். எல்வின் எழுதறதை விட்டா அவளும் விட்டுடுவாளோன்னு பயம்.” லொரேன் சட்டென்று எழுந்து நின்றாள். “அட, இதுக்குப் போயா கவலைப்படறோம்! எல்வின் பொய்யா இருந்தா என்ன, ஹெட்டி நிஜமாச்சே! பத்து வருஷத்துக்கு மேல படிச்சிருக்கா. தந்தியை அவளுக்கு அடிக்கிறேன். நானே ஸ்டேஷனுக்குப் போய் அழைச்சிட்டு வரேன். பார்த்ததும் கட்டிப் பிடிச்சுப்பேன், அழுதாலும் அழுதுடுவேன். சிரிக்காதீங்க!”

ஹெர்ஷல் சிரிக்கவில்லை. மேசைக்கு அடியிலிருந்து ஒரு பொட்டலத்தை எடுத்து அவள் பக்கம் நகர்த்தினார். குளிர்காலம் வந்தால் அவருடைய அக்கா அனுப்பும் பிஸ்கட். வழக்கமாகத் தட்டில் அடுக்கித்தான் எல்லோருக்கும் தருவார். இன்று பிரிக்காமலே கொடுத்தார்.

“இப்ப எதுக்கு இது?” என்றபடி நூலை அவிழ்க்கப் போன லொரேனின் விரல்கள் அப்படியே நின்றன.

பழுப்புக் காகிதத்தின்மேல் ஹெர்ஷலின் விலாசம், உருண்டை உருண்டையாக, ஊதா மையில்.

“நான் எழுதி அனுப்புவேன், அக்கா தன் கையால நகல் எடுத்து, அவ இருக்கிற நெப்ராஸ்காவிலிருந்து தபால்ல போடுவா,” என்றார் ஹெர்ஷல், தலை நிமிராமல். “நமக்குன்னு மிச்சமிருந்த ஒரே வாசகன் எல்வின்தான், பதிலுக்குப் பேச ஆளில்லாம அவனும் சலிச்சுப்போய் நிறுத்திடுவானோன்னு பயந்துதான் லொரேன், நான் ஹெட்டியை உண்டாக்கினேன்.”