மாதம் பதினாறாயிரத்து அறுநூறு

என் மனைவி மோட்டாரைப் போட்டுவிட்டு ஸ்கூட்டரை வெளியே எடுத்தாள்.

தொட்டி நிறைந்ததும் நிறுத்தச் சொன்னாள். நான் தலையாட்டினேன். மடியில் திருத்த வேண்டிய விடைத்தாள்கள்.

ஞாயிற்றுக்கிழமை. வார நாட்களில் ஒரு லேபில் ரத்தம் எடுப்பாள். ஞாயிறுகளில் துடியலூரில் இன்னொரு லேப். வீட்டுக்கடன் தவணை அவள் சம்பளத்தில் போனது. மிஞ்சியது போதவில்லை. அதற்காகத்தான் இந்த இரண்டாவது வேலை.

தொட்டி வழிந்தது. எழுந்துபோய் நிறுத்தினேன்.

போன் அதற்குப் பிறகு வந்தது. பாலத்து இறக்கத்தில் ஒரு லாரி.

நாற்பத்தாறு வயது.

*

காரியம் முடிந்த பின் வங்கிக்குப் போனோம். நானும் மகள் தாரணியும். அவள் வேலைக்குச் சேர்ந்து சில மாதங்கள்தான் ஆகியிருந்தன.

கடனுக்கு இன்சூரன்ஸ் எடுத்தது நினைவில் இருந்தது. கடன் வாங்கியவர் இறந்தால் மீதியை அவர்களே கட்டிவிடுவார்கள்.

மேலாளர் கணினியைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

இன்சூரன்ஸ் என் பெயரில் இருந்தது.

கடன் கையெழுத்தான அன்று யாராவது ஒருவருக்குப் போட்டால் போதும் என்று நாங்கள்தான் சொன்னோம். இருவருக்கும் என்றால் பிரீமியம் அதிகம். யார் பெயரில் என்று கேட்டார்கள். என் மனைவிதான் பதில் சொன்னாள்.

“இவரு பேர்லயே போடுங்க சார். இவரு ஊதற சிகரெட்டுக்கு, முந்திக்கிறது இவராத்தான் இருக்கும்.”

மேஜையைச் சுற்றி எல்லோரும் சிரித்தோம். நானும்.

தவணை யார் சம்பளத்திலிருந்து போகும் என்று அந்த மேஜையில் எல்லோருக்கும் தெரிந்திருந்தது.

*

“மீதி எவ்வளவு சார்?” என்றாள் தாரணி.

பத்தொன்பது லட்சம்.

வாங்கியது இருபத்தைந்து. ஒன்பது வருடம், ஒரு மாதம்கூடத் தவறாமல், இருபத்து மூவாயிரத்துச் சொச்சம். தாரணி போனில் பெருக்கிப் பார்த்தாள். இன்னொரு முறை பெருக்கினாள்.

“அம்மா இருபத்தஞ்சு லட்சம் கட்டியாச்சே சார். வாங்கினதே அவ்வளவுதானே?”

“ஆமாங்கம்மா. ஆரம்பத்துல கட்டறது பெரும்பாலும் வட்டிக்குத்தான் போகும். அசல்ல ஆறு லட்சம் கழிஞ்சிருக்கு.”

அவர் குரலில் கடுமை இல்லை. தினமும் யாருக்காவது சொல்லிப் பழகிய குரல்.

அந்தத் தெருவில் அப்போது வீட்டு வாடகை எட்டாயிரம். நாங்கள் வாடகை கட்டாமல் இருப்பதாக நினைத்துக்கொண்டிருந்தோம்.

*

என் கல்லூரிச் சம்பளம் இருபத்தெட்டாயிரம். அதுவும் நிர்வாகம் நினைக்கிற தேதியில் வரும். அதில் இருபத்து மூவாயிரம் கட்டினால் வீடு ஓடாது.

மேலாளர் ஒரு வழி சொன்னார். என் வயதுக்குத் தவணைக்காலத்தை நீட்ட முடியாது. மகளையும் கடனில் சேர்த்தால் முடியும்.

“பாப்பாவச் சேர்த்துட்டா இருபத்தஞ்சு வருஷம் தரலாங்க சார். மாசம் பதினாறாயிரத்து அறுநூறுதான். ஏழாயிரம் கிட்டக் குறையுது பாருங்க.”

குறைந்தது. எனக்கு மூச்சு வந்தது.

தாரணி மறுபடி போனை எடுத்தாள். இம்முறை ஒரே ஒரு தடவை பெருக்கினாள். திரையை என் பக்கம் திருப்பினாள்.

ஐம்பது லட்சத்துக்குச் சற்றே குறைவு.

இருந்தபடியே கட்டி முடித்தால் முப்பத்தொன்றுதான்.

மாதம் ஏழாயிரம் மிச்சத்தின் விலை பத்தொன்பது லட்சம். நான் பொருளாதாரம் நடத்துகிறவன். இருபது வருடமாகக் கூட்டுவட்டியைக் கரும்பலகையில் எழுதி அழித்திருக்கிறேன்.

தாரணி போனைப் பைக்குள் போட்டாள்.

“பரவால்ல சார். எங்க கையெழுத்துப் போடணும்?”

மேலாளர் பேனாவை நீட்டவில்லை.

“யோசிச்சுக்கோம்மா. நாளைக்குக் கல்யாணமாகிப் போனாலும் இந்தக் கடன் உன் பேர்ல கூடவே வரும்.”

“வரட்டும் சார்.”

அவளுக்கு இருபத்திரண்டு. தவணை முடியும்போது நாற்பத்தேழு.

அவள் அம்மாவைவிட ஒரு வயது மூத்தவளாக இருப்பாள்.

“வேண்டாங்க. வித்தர்றேன்,” என்றேன்.

பேருந்து நிறுத்தத்தில் தாரணி சொன்னாள்.

“அம்மா வீடுப்பா அது.”

டீ வாங்கிக் கொடுத்தேன். பாதி குடித்துவிட்டு வைத்தாள்.

*

மழைக்கு முன் விலை படிந்தது.

வாங்கியவர்கள் இளம் தம்பதி. அவர்களும் கடனில்தான் வாங்கினார்கள். வேறு வங்கி. எத்தனை வருடம் என்று நான் கேட்கவில்லை. சுவர் நிறத்தை மாற்றப்போவதாக அந்தப் பெண் சொன்னாள். நல்லது என்றேன்.

எங்கள் கடனை அவர்கள் வங்கியே கட்டி முடித்தது. பத்திரத்தை வாங்கிக்கொள்ள என்னை வரச் சொன்னார்கள்.

பழுப்பு உறை. பதிவு முடிந்த அன்றே வங்கி வாங்கி வைத்துக்கொண்டது. ஒன்பது வருடத்தில் முதல்முறையாக அசல் பத்திரத்தைக் கையில் பிடித்தேன்.

முதல் பக்கங்களில் எங்கள் இருவர் படம். அவள் படத்தில் கண்கள் பாதி மூடியிருந்தன. கீழே விரல் ரேகை. மை சற்று இழுபட்டிருந்தது.

“முடிச்சுட்டீங்களா சார்?”

மற்ற வங்கியின் ஆள் பக்கத்து நாற்காலியில் காத்திருந்தார். அவரிடமும் ஓர் உறை இருந்தது. புதிது.

கொடுத்தேன். பக்கங்களை எண்ணிப் பார்த்தார். உள்ளே வைத்து ஒட்டினார். அங்கிருந்து அது அவர்கள் பெட்டகத்துக்குப் போனது.

அந்தப் பத்திரம் இன்றுவரை அந்த வீட்டுக்குள் வந்ததில்லை.