உடைந்த பியெரோகி

“தண்ணி ஜாஸ்தியா விட்டுட்டே ஹலினா. அதான் மாவு இப்படி வாயைப் பொளக்குது” என்றாள் யாத்விகா, தட்டில் கிடந்த பியெரோகியை முள்கரண்டியால் புரட்டியபடி.

ஹலினாவின் கால் காலையிலிருந்து ஆஸ்பத்திரி சலவைக்கூடத்தில் நின்ற கால். பஸ்ஸிலும் உட்கார இடம் கிடைக்கவில்லை. வீட்டுக்கு வந்து, கோட்டைக் கழற்றி மாட்டிய கையோடு மாவு பிசைய ஆரம்பித்தவள். இப்போது அடுத்த ஈடு போட மறுபடியும் சமையலறைக்குள் போனாள்.

வெள்ளிக்கிழமையானால் அந்த வீட்டில் கறி கிடையாது, பியெரோகிதான். சர்க்கரையும் மஞ்சள் கருவும் சேர்த்த பாலாடைக்கட்டியை வட்ட மாவில் வைத்து, மடித்து, ஓரத்தைக் கிள்ளி மூடிக் கொதிநீரில் போட வேண்டும். ஓரம் ஒட்டாவிட்டால் உள்ளே இருப்பது வெளியே வந்துவிடும். ஹலினா செய்வதில் வாராவாரம் பாதிக்குப் பாதி அப்படித்தான் ஆனது.

நாத்தனார் யாத்விகா சும்மா இருப்பாளா? வெள்ளி தவறாமல் சாப்பிட வருவாள், வரும்போதெல்லாம் குத்திக் காட்டுவாள். அவள் வேலை பார்த்த செருப்புத் தொழிற்சாலையை மூடிவிட்டார்கள், வாயை மட்டும் மூட முடியவில்லை. போகும்போது உடைந்ததையெல்லாம் டப்பாவில் வாரிக்கொள்வாள்.

“சாப்பாட்டைக் குப்பையில போட்டா பாவம். நான் வெண்ணெயில வதக்கி எப்படியோ தின்னு தீர்க்கறேன்” என்பாள், என்னவோ பெரிய உபகாரம் செய்வதுபோல.

அவளுடைய தம்பி லெஷெக்குக்குத்தான் அவமானமாக இருந்தது. கல்யாணமான புதிதில் ஹலினா செய்த பியெரோகி ஒன்றுகூட உடைந்ததில்லை. இப்போது உடம்பு அசந்துவிட்டது, கை ஓடவில்லை, பாவம். அதைக்கூடப் புரிந்துகொள்ளாமல் ஒருத்தி உட்கார்ந்த இடத்தில் நொட்டை சொல்லிக்கொண்டிருக்கிறாள். போதும், இனிமேல் வெள்ளிக்கிழமை வர வேண்டாமென்று அக்காவிடம் இன்றைக்கே சொல்லிவிடுவதென்று முடிவு செய்தான். முதலில் மனைவி காதில் போட்டுவிடலாம் என்று சமையலறைக்குப் போனான்.

பலகை மேல் அடுத்த ஈட்டுக்கான பியெரோகி வரிசையாக இருந்தன. ஓரமெல்லாம் அழகாகக் கிள்ளி, அழுத்தமாக ஒட்டியிருந்தது. ஹலினா அதில் ஒன்றை எடுத்து, கட்டைவிரல் நகத்தால் ஓரத்தை லேசாகப் பிரித்துவிட்டுத் தண்ணீரில் போட்டாள். பிறகு இன்னொன்றை எடுத்தாள்.

“என்ன பண்றே நீ?”

“கதவைச் சாத்து.”

சாத்தினான்.

“நல்லதாக் குடுத்தா வாங்க மாட்டா” என்றாள் ஹலினா, தாழ்ந்த குரலில். “ஈஸ்டருக்கு ஒரு கிண்ணம் நிறையக் குடுத்தேனே, ‘நான் என்ன கோயில் வாசல்லயா உட்கார்ந்திருக்கேன்’னு அப்படியே வச்சிட்டுப் போனவதானே? அப்புறம் எவ்வளவு நாள் இந்தப் பக்கமே வரலை, மறந்துட்டியா?”

லெஷெக்குக்கு ஞாபகம் இருந்தது.

“போன மாசம் காய்ச்சல்ல கிடந்தாளே, போய்ப் பார்த்தேன். அலமாரியில டீத்தூளும் உப்பும்தான் இருந்துச்சு. வேற ஒண்ணும் இல்ல. உடைஞ்சதுன்னா வாங்கிக்கறா. அதை வச்சுத்தான் வாரத்தை ஓட்டறா.”

“அதுக்காக நீ பேச்சு வாங்கணுமா?”

“பேசிட்டுப் போறா. இந்தக் கால் வலிக்கு முன்னால அதெல்லாம் ஒண்ணுமே இல்ல. அந்தக் கரண்டியை எடு, வெந்துடுச்சு.”

சொந்த அக்கா பட்டினி கிடந்தது லெஷெக்குக்குத் தெரியவில்லை, நாளெல்லாம் நின்று களைத்து வருகிறவளுக்குத் தெரிந்திருக்கிறது. கரண்டியால் பியெரோகியை அரித்துத் தட்டில் போட்டு எடுத்துக்கொண்டு வெளியே வந்தான்.

அக்கா எட்டிப் பார்த்தாள். டப்பா ஏற்கெனவே பையிலிருந்து மேஜைக்கு வந்திருந்தது.

“என்னடா, இதுலயும் பாதி போச்சா?”

“ஆமாக்கா” என்றான் லெஷெக், சமையலறை வரைக்கும் கேட்கும்படி. “இவளுக்கு எந்தக் காலத்துலயும் பியெரோகி செய்ய வராது. அடுத்த வாரமும் நீதான் வந்து இதையெல்லாம் ஒழிச்சுக் குடுக்கணும்.”