வலப்பக்கத்துப் பெண்

கையெழுத்து அட்டை இன்னும் இருபது வேண்டுமாம். மேனேஜர் ஹிஜிகாதா கட்டாகக் கொண்டுவந்து என் மடியிலேயே போட்டார்.

"அக்கா, கொஞ்சம் சீக்கிரம். வாசல்ல ஜனங்க கதவை உடைச்சிருவாங்க போல."

அவர் என்னைவிடப் பத்து வயது பெரியவர். ஆனாலும் டோக்கியோவில் எல்லோருக்கும் நான் அக்காதான். நடிகை சயோகோவின் அக்கா.

தூரிகையை மையில் தோய்த்தேன். சயோகோ. சயோகோ. சயோகோ.

நட்சத்திரத்துக்குக் கை ஓயும் என்று கூட இருப்பவளே கையெழுத்துப் போடுவது இங்கே வழக்கம். பத்தொன்பது வருஷமாக நான்தான் போடுகிறேன்.

ஒப்பனை அறைச் சுவரிலிருந்த ஒலிபெருக்கியில் மேடை கேட்டது. இன்று அவளுடைய கடைசிக் கச்சேரி. நாற்பது படம், அறுபது பாட்டு. போதுமாம், கல்யாணம் செய்துகொள்ளப் போகிறாளாம்.

உச்சஸ்தாயியில் பாடும்போது அவளுக்கு மூச்சு திணறும். எனக்குத் திணறாது. அது யாருக்குத் தெரியும்?

இன்றைக்காவது உண்மையைச் சொல்வாள் என்று காதைத் தீட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

"நான் நடிகையாகணும்னு நெனச்சதே இல்லீங்க. எங்கக்காதான் எனக்குத் தெரியாம விண்ணப்பத்தை அனுப்பிட்டா."

அரங்கம் அதிரக் கைதட்டினார்கள். எந்த நடிகையைக் கேட்டாலும் இதையேதான் சொல்வாள். ஆசைப்பட்டு வந்தேன் என்றால் அடக்கமில்லாதவள் என்று பேர் வந்துவிடுமே.

எனக்கு வயிறு எரிந்தது. ஒவ்வொரு கைதட்டலுக்கும் எரியும், ஒருநாளும் தவறியதில்லை.

அனுப்பியது நான்தான், பொய்யில்லை. யாருக்காக அனுப்பினேன் என்று மட்டும் இதுவரை ஒருத்தரும் கேட்கவில்லை.

வடக்கே ஒதாரு என்ற ஊரில் இருந்தோம் அப்போது. நான் தனியாக எடுத்துக்கொண்ட படம் வீட்டில் இல்லை. நாங்கள் இருவரும் சேர்ந்து நின்ற படத்தை விண்ணப்பத்தோடு ஒட்டினேன். இடப்பக்கம் நிற்பது நான் என்று ஒரு வரி எழுதியிருக்க வேண்டும். புத்திகெட்டவள், மறந்துவிட்டேன்.

சினிமா ஸ்டூடியோவிலிருந்து படம் திரும்பி வந்தது. வலப்பக்கத்து முகத்தைச் சுற்றிச் சிவப்புப் பென்சில் வட்டம்.

தப்பைச் சொன்னால் இருவருக்குமே இல்லாமல் போய்விடும், வாயை மூடு என்றார் அப்பா. மூடினேன்.

கச்சேரி முடிந்து உள்ளே வந்தாள். மாலைகளைக் கழற்றி வைத்துவிட்டு, மீதமிருந்த ஒரே அட்டையை எடுத்து என் முன்னால் நீட்டினாள்.

"எனக்கும் ஒண்ணு போட்டுக் குடு, அக்கா. என் பேருக்கு."

தூரிகையை மறுபடி மையில் தோய்த்தேன்.

யாருக்கு என்பதை மேலே எழுத வேண்டும். 'தொமிக்கு' என்று எழுதினேன். விண்ணப்பத்திலிருந்த பெயரோடு ரயிலேறிய நாளிலிருந்து யாரும் அவளை அப்படிக் கூப்பிட்டதில்லை.

அதன் கீழே என் பெயரை எழுதினேன். சயோகோ.

அட்டையை மார்போடு அணைத்துக்கொண்டு அழுதாள்.

அழும்போதுகூட அவள்தான் அழகு, பாவி.