சால்னா கொதிக்கும் வரை

மிக்ஸியை நிறுத்தினால் அண்ணன் மறுபடியும் கேட்பான். அதனால் தேங்காயும் சோம்பும் வெண்ணெயாக அரைபட்ட பிறகும் சுதாராணி அதை ஓடவிட்டுக்கொண்டே இருந்தாள்.

மோட்டார் சூடாகிக் கருகல் வாடை வந்தது. வேறு வழியில்லாமல் நிறுத்தினாள்.

"ஏட்டி, அவன் வேல முடிஞ்சு எந்த வழியா வருதான்?"

முன்னறையிலிருந்து அண்ணன் சாமித்துரையின் குரல். வந்ததிலிருந்து இதே கேள்விதான். சிரித்த முகமாகத்தான் கேட்கிறான். அந்தச் சிரிப்பைத்தான் அவளால் நம்ப முடியவில்லை.

"இந்தா, அடுப்பைப் பாத்துட்டு வாரேன்ணே" என்று சமாளித்தாள்.

யோகராஜைக் கட்டிக்கொண்டு வீட்டைவிட்டு வந்து இரண்டு வருஷம் ஆகப்போகிறது. எப்போதும்வென்றான் ஊருக்குப் பக்கத்தில் அவள் பிறந்த வீட்டில், மகளே இல்லையென்று தலைமுழுகிவிட்டார்கள். யோகராஜை உயிரோடு விடமாட்டேன் என்று சித்தப்பா கோயிலில் சூடம் அடித்துச் சத்தியம் செய்ததாகவும் கேள்வி.

அப்பேர்ப்பட்ட வீட்டிலிருந்து இன்று அண்ணன் மட்டும் வந்து நிற்கிறான். கையில் கோவில்பட்டி பஸ் ஸ்டாண்டுக் கடையில் வாங்கிய ஆட்டுக்கறி சுக்கா. ஒன் சால்னா இல்லாம இது தொண்டையில எறங்காதுட்டி, வையி, என்றான்.

யாருக்கு எறங்கும்?

யோகராஜ் வேலை பார்க்கும் மில் வாசலிலும் இந்தத் தெருவிலும் எப்போதும் ஆள் நடமாட்டம் உண்டு. நடுவில்தான் கரிசல்காடு. அதற்குள் இரண்டு வழி. பொழுது சாய்ந்துவிட்டால் இரண்டிலும் ஏன் என்று கேட்க நாதியில்லை. இது தெரிந்துதான் கேட்கிறான்.

மில்லுக்குள் போன் கூடாது. கேட்டிலேயே வாங்கி வைத்துவிடுவார்கள். மிக்ஸி ஓடிய சத்தத்தில், 'வீட்டுக்கு வராதீங்க' என்று அனுப்பிவிட்டாள். அது ஒற்றை டிக்கோடு நிற்கிறது. ஷிப்ட் முடிந்ததும் போனைப் பையில் போட்டுக்கொண்டு வண்டியை எடுக்கிற மனிதர். எங்கே பார்க்கப்போகிறார்?

ஒரே ஒரு நம்பிக்கைதான் மிச்சமிருந்தது.

அவர்கள் ஊரில் பகை வீட்டில் பச்சைத்தண்ணீர்கூடக் குடிக்கமாட்டார்கள். ஒருதரம் சாப்பிட்டுக் கை நனைத்துவிட்டால், அந்த வீட்டுக்குக் கெடுதல் செய்யவும் மாட்டார்கள். எவ்வளவு முரடனும் இதில் மட்டும் பிசகமாட்டான். வந்ததும் கொடுத்த செம்புத் தண்ணீரைச் சாமித்துரை இன்னும் தொடவில்லை.

எப்படியாவது சாப்பிட வைத்துவிட வேண்டும்.

அவசரத்தில் பட்டையும் கிராம்பும் அளவில்லாமல் எண்ணெயில் விழுந்தன. வெங்காயம் கருகப் பார்த்தது. தக்காளியைப் போட்டுச் சரிக்கட்டினாள். மல்லித்தூள், மிளகாய்த்தூள், அரைத்த விழுது. தண்ணீரை ஊற்றித் தீயைக் கூட்டினாள்.

சால்னாவை அவசரப்படுத்த முடியாது. எண்ணெய் பிரிந்து மேலே வரும்வரை நிற்கத்தான் வேண்டும். தெரிந்த சாமியையெல்லாம் கூப்பிட்டுக்கொண்டு நின்றாள்.

நிழல் விழுந்தது. அண்ணன் அடுப்படி வாசலுக்கே வந்துவிட்டான்.

"கேக்குதேன்லா. கம்மாக்கர வழியா, வண்டிப்பாத வழியா?"

"மொதல்ல சாப்டுண்ணே" என்றாள்.

சுடுசோறு, அதன் பக்கத்தில் சுக்கா, மேலே இரண்டு கரண்டி சால்னா. தட்டை வைத்துவிட்டுச் சுவரோடு ஒட்டிக்கொண்டாள். அவன் தட்டையே பார்த்துக்கொண்டிருந்தான். வாசலை ஒருதரம் பார்த்தான். மறுபடி தட்டைப் பார்த்தான்.

விரல் சோற்றுக்குள் இறங்கியது. பிசைந்தான். ஒரு வாய் வைத்தான்.

அப்புறம் தலை நிமிரவே இல்லை. இன்னும் ஊத்து, இன்னும் ஊத்து என்று கையைக் காட்டிக்கொண்டே இருந்தான். உறைப்பில் மூக்கு ஒழுகியது. துடைத்துக்கொண்டு சாப்பிட்டான்.

சுதாராணிக்குப் போன உயிர் திரும்பி வந்தது. இனியும் மறைத்தால் கை நனைத்தவனை நம்பாத பாவம் வந்து சேரும். கேட்டதற்குப் பதில் சொல்லிவிடுவோம் என்று தோன்றியது.

"அவிய வந்துண்ணே, மில்லுல இருந்து நேரா..."

"சொல்லாதட்டி!"

சோற்றுக் கையாலேயே தடுத்தான்.

"எங்கிட்ட சொல்லாத. தெருமுனையில கார்ல சித்தப்பா இருக்காவ. தெரிஞ்சா எங்கிட்ட இருந்து கறந்துருவாவ. மாப்ள இன்னைக்கு மில்ல விட்டே வெளிய வர வேண்டாம்னு யாருட்டயாவது சொல்லிவிடு. நீ வாயத் தொறக்கவே இல்லன்னு நா சொல்லிக்கிடுதேன்."

எழுந்து கொல்லைக் குழாய்க்குப் போனான். கை கழுவினான். சோப்புப் போட்டுக் கழுவினான். முகர்ந்து பார்த்துவிட்டு மறுபடியும் போட்டான். நகக்கண்களைத் தேய்த்தான், மீசையைத் தேய்த்தான். போதும்ணே என்று அவள் துண்டை நீட்டினாள். அவன் வாங்கவில்லை.

"அங்கன கை மட்டும் நனைச்சுராதலேன்னு சொல்லித்தான் அனுப்புனாவ."

தெருமுனையில் ஹாரன் அடித்தது.

சாமித்துரை ஈரக் கையை அவள் முகத்துக்கு நேரே நீட்டினான்.

"வாசம் போயிருச்சான்னு பாரு."

சுதாராணி குனிந்து முகர்ந்தாள். சோப்பு வாசத்துக்கு அடியில் பட்டையும் சோம்பும் அப்படியே இருந்தன.

"இன்னும் வருதுண்ணே" என்றாள்.