மூன்று தீவுப் படகு

"இப்படியும் ஒருத்தி ஊருக்கே பீத்திக்குவாளா?" என்று கத்தினார் லாசரஸ்.

கடையிலிருந்து மதியச் சாப்பாட்டுக்குப் பீர்க்கன்கரணை வீட்டுக்கு வந்திருந்தார். தட்டில் சோறு ஆறிக்கொண்டிருக்க, மனைவி ஜெனி அடுப்படியில் நின்று போனைப் பார்த்துத் தனியாகச் சிரித்துக்கொண்டிருந்தாள். பிடுங்கிப் பார்த்தார். பசியில் எரிந்த வயிறு வேறு மாதிரி எரிய ஆரம்பித்தது.

வாட்ஸ்அப் ஸ்டேட்டஸ். ஜெனியின் தங்கை ஜெரூஷா. தலையில் தொப்பி, கண்ணில் கறுப்புக் கண்ணாடி, முதுகுக்குப் பின்னால் மை கொட்டினாற்போல் நீலக் கடல்.

சர்ச் குரூப்போடு கிரீஸ் போயிருந்தாள். பைபிளில் வரும் அப்போஸ்தலர் பவுல் நடந்த இடங்களைப் பார்க்கும் டூர். அன்றைக்கு மட்டும் பவுலுக்கு லீவு கொடுத்துவிட்டு, நாள் முழுக்க மூன்று தீவுகளைச் சுற்றிக்காட்டும் படகில் ஏறியிருந்தது கூட்டம்.

"இது முதல் தீவுங்க. இங்க கார், பைக் எதுவும் ஓடாதாம். மூட்டை சுமக்கக்கூட கழுதைதானாம்" என்றாள் ஜெனி.

"கழுதையைப் பார்க்க கிரீஸுக்குப் போகணுமா? நம்ம முடிச்சூர் ரோட்டுல நில்லு. ஹெல்மெட் போட்டுக்கிட்டு ராங் சைடுல வரும்."

ஜெனி சிரிப்பை அடக்கிக்கொண்டாள். லாசரஸ் சிரிக்கவில்லை.

தாம்பரம் பிளாட்பாரத்தில் ஸ்டூல் விற்று, அடிபட்டு மிதிபட்டு, இன்றைக்குப் பழைய ஃபர்னிச்சர் கடை வைத்திருக்கும் மனுஷர். கீரைக்கட்டைக்கூடப் பேரம் பேசாமல் வாங்கமாட்டார். அவருக்குத் தெரிந்த கடலெல்லாம் மெரினாவில் கால் நனைத்ததோடு சரி. நேற்று வந்த சின்னப் பெண்ணுக்கு ஐடி வேலை, மேடவாக்கத்தில் ஃபிளாட், இப்போது படகு வேறு!

அடுத்த படத்தைத் தள்ளினார். படகின் மேல்தளத்தில் சபை அம்மாக்களெல்லாம் கைகோத்து ஆட்டம். அதற்கடுத்த படத்தில் ஜெரூஷாவின் கணவன் ஸ்டெபின், வறுத்த மீன் தட்டோடு பல்லைக் காட்டினான்.

"இவனைப் பாரு! வண்டலூர் ஜூவுல குரங்கைப் பார்த்தாலே வாயைப் பொளக்கிறவன். இவனுக்கு நடுக்கடல்ல மீனு!"

"ரெண்டாவது தீவு வரப்போகுதுங்க. போனைக் குடுங்க."

"உனக்கு ரோஷமே இல்லியா? உன் படிப்பை நிறுத்திட்டு, டியூஷன் எடுத்து அவளை இன்ஜினியர் ஆக்கினவ நீ. 'நீயும் வாக்கா'ன்னு ஒரு வார்த்தை கேட்டாளா? உன்னை அடுப்படியில நிக்க வெச்சுட்டு ஊருக்கே படம் காட்டறா! நன்றி கெட்டவ. அவளை பிளாக் பண்ணு."

"வேணாங்க..."

அவரே பண்ணினார். போனை ஃபிரிட்ஜ் மேல் வைத்துவிட்டுத் தட்டின் முன் உட்கார்ந்தார்.

ஜெனி சாம்பாரை ஊற்றினாள்.

அன்று சாயங்காலம் கடைக்கு வந்தவர்கள் பாடு திண்டாட்டம்தான். கட்டிலுக்கு விலை குறைக்கச் சொன்ன ஒருவரிடம், "கப்பல் ஏற மட்டும் காசு இருக்கும், கட்டிலுக்கு இருக்காதா சார்?" என்று எரிந்து விழுந்தார். அந்த ஆள் கப்பலும் ஏறவில்லை, கட்டிலும் வாங்கவில்லை.

ஊர் திரும்பிய ஜெரூஷாவும் ஸ்டெபினும் ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடிந்து நேரே பீர்க்கன்கரணைக்கே வந்தார்கள். பிஸ்தா, ஆலிவ் எண்ணெய், லாசரஸுக்கு ஒரு தொப்பி. தொப்பியை அவர் தொட்டுக்கூடப் பார்க்கவில்லை.

சாப்பிட உட்கார்ந்ததும் ஜெரூஷா கேட்டாள்.

"ஏன்க்கா என்னை பிளாக் பண்ணின? மீதி ரெண்டு தீவும் நீ பார்க்கவே இல்லையே!"

ஜெனி பதில் சொல்வதற்குள் லாசரஸ் முந்திக்கொண்டார்.

"நான்தான் பண்ணினேன். ஊரே பார்க்கட்டும்னு நீ ஸ்டேட்டஸ் போடுவ, உங்க அக்கா இங்க சாம்பார் கிளறிக்கிட்டே கைதட்டணுமா?"

"ஸ்டேட்டஸா? எந்த ஸ்டேட்டஸ் அண்ணா?" ஸ்டெபின் முழித்தான். "நாள் முழுக்க இவ பக்கத்துலதான் இருந்தேன். எனக்கு ஒண்ணும் வரலியே!"

"உங்களுக்கு எப்படி வரும்? அக்காவுக்கு மட்டும் தெரியற மாதிரி வெச்சிருந்தேன்" என்ற ஜெரூஷா, லாசரஸைப் பார்த்தாள். "மெசேஜ்ல அனுப்பினா அங்கேயே கிடக்கும், ஸ்டேட்டஸ்னா மறுநாளே மறைஞ்சிடும்னு அக்காதான் சொன்னா மாமா. 'நான் வரலைடி. நீ ஒண்ணு விடாம காட்டு, நான் இங்கிருந்தே உன்கூட வரேன்'னா."

"வரலையா? நீ எங்க கூப்பிட்ட?"

"நான் போனது அக்காவோட சீட்டுலதான் அண்ணா" என்றான் ஸ்டெபின். "இவ முதல்ல அவங்க பேரைத்தான் குடுக்கறதா இருந்தா. அக்கா ஒரேயடியா மாட்டேன்னுட்டாங்க. அதுக்கப்புறம்தான் நான் கிளம்பினேன்."

லாசரஸின் கோபம் அப்படியே ஜெனி பக்கம் திரும்பியது.

"ஏன்டி, கடல்னா உயிரை விடுவியே! நானா போகாதேன்னேன்? கூப்பிட்டவகூட போறதுக்கு உனக்கென்ன கேடு?"

ஸ்டெபின் தட்டில் ஒரு துண்டு கறியை எடுத்து வைத்துவிட்டு ஜெனி நிமிர்ந்தாள். குரல் கொஞ்சமும் உயரவில்லை.

"எதிர்வீட்டு சத்யநாராயணன் சார் கார் வாங்கின நாள்ல இருந்து நீங்க அவர்கூடப் பேசறதில்லை. நான் அந்தப் படகுல ஏறிட்டு வந்திருந்தா, என்கூடப் பேசியிருப்பீங்களாங்க?"