கதவு தேடும் நோட்டீஸ்

கிட்ட வாங்க கண்ணுகளா, சின்னதாக ஒன்று சொல்கிறேன். காட்டு மக்கள் குடிசை முன்னால் கோர்ட் அமீனா பசை டப்பாவோடு நிற்கிறார். முப்பது நாளில் காலிசெய்யச் சொல்லும் நோட்டீசைக் கதவில் ஒட்டவேண்டுமாம். வாசலில் வெயில் மட்டும்தான் இருக்கிறது. "கதவு எங்கம்மா?" "பாட்டன் பூட்டன் காலத்துலருந்து வச்சதே இல்லண்ணா. யானைகூட வெளியவே நின்னுட்டுப் போயிடும், நீங்கதான் கதவு கேக்குறீங்க," என்கிறாள் வீட்டுக்காரி. சிரித்தபடியே பிள்ளையை இறுக்கிக்கொள்கிறாள். அவள் இடுப்புப் பிள்ளை பசையில் விரல் விடுகிறது. "நிலத்துக்கு உரிமை மனு போட்டீங்களா?" "போட்டோம். இன்னும் விசாரிக்கல." அமீனா பிள்ளையின் விரலைத் தன் கைக்குட்டையால் துடைக்கிறார். நோட்டீசின் பின்பக்கம் நிதானமாக எழுதி, அவளுக்கும் படித்துக் காட்டுகிறார்: "உரிமை மனு நிலுவையில் உள்ளது. அது முடியும்வரை இவர்களை வெளியேற்ற வன உரிமைச் சட்டத்தில் இடமில்லை." காகிதத்தை மடிக்கிறார். "கோர்ட்டுக்கே திருப்பிக் கொடுத்துடறேன்மா." அவள் பிள்ளையின் உச்சியில் முகம் புதைக்கிறாள். நீங்களும் பயமில்லாமல் தூங்குங்க, கண்ணுகளா.