மூன்று படி

சான் பிரான்சிஸ்கோவுக்கு எதிரே இருந்த தீவில், குடியேற்ற அதிகாரியின் அறைக்கு வெளியே காத்திருந்தார் சலவைக்கடை லெம். அவருடைய மகன்களாகச் சீனாவிலிருந்து வந்திறங்கிய இருவரையும், மகன்கள்தானா என்று உள்ளே மூன்று நாளாக விசாரிக்கிறார்கள்.

மொழிபெயர்ப்பாளர் குவான் வெளியே வந்தார்.

"பெரியவன் ஹோய் தேறிட்டான் அண்ணே. வீட்டுக்கு எத்தனை படி, கிணறு எந்தப் பக்கம், எல்லாம் நீங்க சாட்சி சொன்னபடியே ஒப்பிச்சான்."

"சின்னவன் சுங்?"

"நீங்க மூணு படின்னீங்க, அவன் அஞ்சுங்கறான். கிணறே இல்லையாம். வெள்ளத்துல வீடு போயி புதுசா கட்டினாங்களாம், உங்க மனசு நோகும்னு அம்மா எழுதலையாம். கதை விடறான், இவன் மகனே இல்லைன்னு துரை எழுதிட்டாரு. அடுத்த கப்பல்ல திருப்பி அனுப்பறாங்க."



குவான் லெம்மின் காதோரம் குனிந்தார். "ரெண்டுல ஒருத்தன் காகிதத்துல மட்டும்தான் உங்க மகன்னு எனக்குத் தெரியும்ணே. ஊரான் பிள்ளை போனா போறான். உங்க ரத்தம் கரையேறிடுச்சே!"

லெம் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார்.

"கேள்வி பதிலெல்லாம் எழுதி அந்த ஊரான் பிள்ளைக்குத்தான் அனுப்பினேன், குவான். பெத்த பிள்ளைக்குச் சொந்த வீட்டைப் பத்திப் பாடம் எதுக்குன்னு, சுங்குக்கு ஒரு வரிகூட எழுதலையே!"